அகதிப் பின்னணி ஒரு நடிகையின் நடிப்புக்குள் எப்படி வந்து சேர்கிறது? ஹாங் சௌவை முன்வைத்து ஓர் எளிய விளக்கம்

2023 மார்ச்சில் நடந்த 95-ஆவது ஆஸ்கர் விழாவில், துணை நடிகர், துணை நடிகை ஆகிய இரண்டு பிரிவுகளின் பரிந்துரைப் பட்டியலிலும் வியட்நாமை விட்டுத் தப்பிய குடும்பங்களைச் சேர்ந்தவர்கள் இருந்தார்கள். துணை நடிகர் விருதை வென்ற கீ ஹுய் குவான், தன் பயணம் ஒரு படகில் தொடங்கியதையும் ஓராண்டு அகதி முகாமில் இருந்ததையும் மேடையிலேயே சொன்னார். ‘தி வேல்’ படத்துக்காகப் பரிந்துரைக்கப்பட்ட ஹாங் சௌ, 1979-இல் தாய்லாந்தில் ஓர் அகதி முகாமில் பிறந்தவர்.

அதற்குப் பிறகு இவர்களைப் பற்றி எழுதப்பட்டவற்றில், ‘பட்ட கஷ்டமெல்லாம் நடிப்பாக வெளிவருகிறது’ என்ற பேச்சைத் திரும்பத் திரும்பப் பார்க்கலாம். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் ஹாங் சௌவுக்கு அது பொருந்தாது. முகாமை விட்டுக் கிளம்பும்போது அவர் கைக்குழந்தை. நினைவிலேயே இல்லாத துயரத்தை எடுத்து ஒருவர் எப்படி நடிக்க முடியும்? அதற்காக, அந்தப் பின்னணிக்கும் அவர் நடிப்புக்கும் தொடர்பே இல்லை என்றும் ஒதுக்கிவிட முடியாது. தொடர்பு இருக்கிறது, அழுத்தமாகவே இருக்கிறது. அது வரும் வழிதான் வேறு. அந்த வழியைப் புரிந்துகொள்ள, முதலில் ‘அகதி’ என்று யாரைச் சொல்கிறோம் என்பதிலிருந்து தொடங்க வேண்டும்.

அகதி யார், அகதி அல்லாதவர் யார்

வெளிநாட்டில் வேலை தேடிப் போனவர், படிக்கப் போய்த் தங்கிவிட்டவர், போருக்கு அஞ்சி ஓடியவர் என எல்லோரையும் ஒரே மூச்சில் ‘புலம்பெயர்ந்தவர்கள்’ என்று சொல்லிவிடுகிறோம். சட்டம் அப்படிக் கலப்பதில்லை. 1951-ஆம் ஆண்டு ஜெனீவா உடன்படிக்கையின்படி, இனம், மதம், தேசியம், குறிப்பிட்ட சமூகக் குழுவைச் சேர்ந்திருத்தல், அரசியல் கருத்து ஆகிய ஐந்தில் ஒன்றின் காரணமாகத் தான் துன்புறுத்தப்படுவோம் என்ற ஆதாரமுள்ள அச்சத்தால் சொந்த நாட்டுக்கு வெளியே இருப்பவர், திரும்ப முடியாதவர், அகதி. முதலில் இந்த வரையறை 1951 ஜனவரி 1-க்கு முந்தைய நிகழ்வுகளை மட்டுமே கணக்கில் எடுத்தது. ஐரோப்பாவோடு மட்டும் நிறுத்திக்கொள்ளவும் நாடுகளுக்கு இடம் கொடுத்தது. 1967-இல் வந்த நெறிமுறை அந்தக் கால, இட வரம்புகளை நீக்கியது.

‘என்னை அகதியாக ஏற்றுக்கொள்ளுங்கள்’ என்று விண்ணப்பித்து முடிவுக்காகக் காத்திருப்பவர் புகலிடம் கோருபவர். எல்லையைத் தாண்டாமல் தன் நாட்டுக்குள்ளேயே வீட்டை இழந்து அலைபவர் உள்நாட்டில் இடம்பெயர்ந்தவர். நல்ல சம்பளத்துக்காகப் போனவர் குடியேறி. ஒரே மனிதர் வெவ்வேறு காலத்தில் இவற்றில் ஒன்றிலிருந்து இன்னொன்றுக்கு மாறக்கூடும்.

தமிழ் வாசகர்கள் கவனிக்க வேண்டிய ஒன்று: இந்தியா 1951 உடன்படிக்கையில் கையெழுத்திடவில்லை. ஹாங் சௌ பிறந்த தாய்லாந்தும் கையெழுத்திடவில்லை. இப்படிப்பட்ட நாடுகளில் முகாம் என்பது தங்க இடம் கொடுப்பதோடு முடிந்துவிடும். அங்கே பல ஆண்டுகள் இருந்தாலும் அந்த நாட்டின் குடிமகன் ஆகும் வழி தானாகத் திறந்துவிடாது. முகாமில் பிறந்த குழந்தைக்கும் அதே நிலைதான். தாய்லாந்து மண்ணில் பிறந்ததால் ஹாங் சௌ தாய்லாந்துக்காரர் ஆகிவிடவில்லை. சில கட்டுரைகள் அவரை ‘தாய்லாந்து நடிகை’ என்று குறிப்பிடுவது இதனால்தான் தவறு.

படகிலிருந்து முகாம், முகாமிலிருந்து நியூ ஓர்லியன்ஸ்

1975 ஏப்ரல் 30 அன்று தெற்கு வியட்நாமின் தலைநகர் சைகோன் வடக்கு வியட்நாம் படைகளிடம் வீழ்ந்தது. அந்த நாட்களில் விமானத்திலும் கப்பலிலும் அமெரிக்கா போனவர்கள் முதல் அலை. அவர்களில் அமெரிக்கர்களோடு வேலை பார்த்தவர்களும் தெற்கு வியட்நாம் அரசின் அதிகாரிகளும் அதிகம். ஹாங் சௌவின் பெற்றோர் அடுத்த அலையைச் சேர்ந்தவர்கள். 1978, 79-ஆம் ஆண்டுகளில் மீன்பிடிப் படகுகளில் கடலில் இறங்கியவர்களை உலகம் ‘படகு மக்கள்’ என்று அழைத்தது. தாய்லாந்து வளைகுடாவில் கடற்கொள்ளையர் பயம். படகில் குடிநீர் தீர்ந்துபோகும். கரை தெரிந்த பிறகும் சில நாடுகளின் கடற்படை படகைத் திரும்பத் தள்ளிவிடும். தப்பிய நேரத்தில் அவருடைய தாய் ஆறு மாதக் கர்ப்பிணி. தந்தை துப்பாக்கிச் சூடு பட்டு, பெருமளவு ரத்தம் இழந்த நிலையில் பயணம் செய்தார். இவற்றை அவரே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார்.

முகாமிலிருந்து வெளியேற அன்று மூன்று வழிகள்தான் இருந்தன: நாடு திரும்புவது, அடைக்கலம் தந்த நாட்டிலேயே நிலைத்துவிடுவது, வேறொரு நாட்டுக்குப் போவது. முதலாவது ஆபத்து. இரண்டாவதுக்குத் தாய்லாந்து இடம் கொடுக்கவில்லை. எஞ்சிய மூன்றாவதற்கு மீள்குடியேற்றம் என்று பெயர்.

மீள்குடியேற்றம் பற்றித்தான் தவறான எண்ணங்கள் மிக அதிகம். ‘முகாமில் இருந்தால் அமெரிக்காக்காரன் வந்து விமானத்தில் ஏற்றிக்கொண்டு போவான்’ என்பதுபோல் பேசுகிறார்கள். நடைமுறை அப்படி இல்லை. முதலில் ஐ.நா. அகதிகள் ஆணையம் குடும்பத்தைப் பதிவு செய்யும். பிறகு ஏற்றுக்கொள்ளக்கூடிய நாட்டின் அதிகாரிகள் முகாமுக்கே வந்து நேர்காணல் செய்வார்கள்: யார், எங்கே வேலை பார்த்தீர்கள், ஏன் கிளம்பினீர்கள், அங்கே உறவினர் உண்டா? கணவன் சொல்வதும் மனைவி சொல்வதும் ஒத்துப்போகிறதா என்று பார்ப்பார்கள். தேதி முரண்பட்டால் கோப்பு நின்றுவிடும். அடுத்து மருத்துவச் சோதனை. காசநோய் தெரிந்தால் சிகிச்சை முடியும்வரை பயணம் இல்லை. கடைசியாக, போய்ச் சேரும் ஊரில் வீடும் முதல் மாதச் செலவும் பார்த்துக்கொள்ள ஒரு பொறுப்பாளர் கிடைக்க வேண்டும். அமெரிக்காவில் இந்த வேலையைப் பெரும்பாலும் தேவாலயங்களும் தொண்டு நிறுவனங்களும் செய்தன.

1979 இதில் ஒரு திருப்புமுனை. அந்த ஜூலையில் ஜெனீவாவில் கூடிய மாநாட்டில், உலக நாடுகள் ஏற்பதாகச் சொன்ன மீள்குடியேற்ற இடங்கள் 1,25,000-இலிருந்து 2,60,000 ஆக உயர்ந்தன. அமெரிக்கா மாதம் 14,000 பேரை ஏற்பதாக அறிவித்திருந்தது. எந்த நாட்டுக்குப் போவது என்பதற்குத்தான் நேர்காணல்; அகதியா இல்லையா என்று தனித்தனியே விசாரிக்காமல், அப்போது படகில் வந்து சேர்ந்தவர்களை மொத்தமாகவே அகதிகளாகக் கருதினார்கள். இதை முதல்நோக்கு அங்கீகாரம் என்பார்கள்: கூட்டம் கூட்டமாக ஒரே காரணத்துக்காக ஓடிவருபவர்களை, ஒவ்வொருவரும் நிரூபிக்கட்டும் என்று நிற்கவைக்காமல் ஏற்பது. 1989-க்குப் பிறகு இது மாறியது. அதற்குப் பின் வந்த வியட்நாமியர்கள் ஒவ்வொருவராக விசாரிக்கப்பட்டு, தேறாதவர்கள் திருப்பி அனுப்பப்பட்டார்கள். ஹாங் சௌ அதே போன்றதொரு முகாமில் பதினோரு ஆண்டுகள் தாமதமாகப் பிறந்திருந்தால், அந்தக் குடும்பம் ஹனோய் விமானத்தில் ஏறியிருக்கவும் கூடும். ‘திறமை இருந்தால் எங்கிருந்தாலும் மேலே வரலாம்’ என்பவர்கள் இந்தத் தேதிக் கணக்கை ஒருமுறை பார்க்க வேண்டும். இன்றும் உலக அகதிகளில் ஓராண்டில் மீள்குடியேற்றம் கிடைப்பவர்கள் நூற்றுக்கு ஒருவருக்கும் குறைவு.

இந்தக் குடும்பத்துக்குப் பொறுப்பேற்றது நியூ ஓர்லியன்ஸில் உள்ள வியட்நாமியக் கத்தோலிக்கச் சமூகம். அந்நகரின் கிழக்குப் பகுதியில் 1975 முதலே வியட்நாமியக் கத்தோலிக்கர்கள் குடியேறியிருந்தார்கள். அவர்களில் பலர் இரண்டு முறை அகதிகளானவர்கள்: 1954-இல் நாடு பிரிந்தபோது வடக்கிலிருந்து தெற்குக்கு, 1975-க்குப் பிறகு தெற்கிலிருந்து அமெரிக்காவுக்கு. மெக்சிகோ வளைகுடாவில் இறால் படகு ஓட்டினார்கள். வீட்டுக் கொல்லையிலும் வாய்க்கால் ஓரத்திலும் ஊர்க் கீரைகளை வளர்த்து, சனிக்கிழமை விடியற்காலைச் சந்தையில் விற்றார்கள். ஹாங் சௌ வளர்ந்தது அரசு உதவியுடன் கூடிய குடியிருப்பில். பள்ளியில் சலுகை உணவு, கல்லூரிக்குப் ‘பெல்’ என்னும் அரசு நிதியுதவி. வீட்டில் வியட்நாமிய மொழி. ஆங்கிலம் பள்ளியில் கற்றது. பிறகு பாஸ்டன் பல்கலைக்கழகத்தில் திரைப்படக் கல்வி பயின்றார்.

இதுவரை பார்த்ததில் மனத்தில் வைக்க வேண்டியது இவ்வளவுதான். அகதி என்பது ஒரு சட்டநிலை. மீள்குடியேற்றம் அதிலிருந்து வெளியே வரும் வழி, அதுவும் மிகச் சிலருக்கே கிடைப்பது. ஹாங் சௌ பிறப்பால் முகாமைச் சேர்ந்தவர், வளர்ப்பால் நியூ ஓர்லியன்ஸ்காரர்.

நினைவு இல்லாதவருக்கு என்ன மிஞ்சும்?

குடியேறிய குடும்பங்களை ஆராய்பவர்கள் தலைமுறையைக் கொஞ்சம் நுணுக்கமாக எண்ணுகிறார்கள். பெரியவராக வந்தவர் முதல் தலைமுறை, புதிய நாட்டில் பிறந்தவர் இரண்டாம் தலைமுறை. இடையில் இருப்பவர்களுக்குச் சமூகவியலாளர் ரூபன் ரும்பாட் பின்னங்களில் பெயர் வைத்தார். 6 முதல் 12 வயதுக்குள் வந்தவர்கள் 1.5 தலைமுறை, 5 வயது வரை உள்ளவர்கள் 1.75 தலைமுறை.

இந்தப் பின்னங்களுக்கு நடிப்பில் நேரடிப் பொருள் உண்டு. 1971-இல் சைகோனில் பிறந்த கீ ஹுய் குவான் 1978-இல் தந்தையோடும் ஐந்து உடன்பிறந்தவர்களோடும் ஹாங்காங் போனார். தாயும் மற்ற மூன்று பிள்ளைகளும் மலேசியா போனார்கள். 1979-இல் அமெரிக்காவில் ஒன்று சேர்ந்தார்கள். அவர் 1.5 தலைமுறை. படகு அவருக்கு நினைவிருக்கும். ஹாங் சௌ 1.75. அவருக்குத் தெரிந்த படகு, வீட்டில் சொல்லக் கேட்ட படகு.

தான் அனுபவிக்காத, பெற்றோர் அனுபவித்த பேரழிவு பிள்ளைகளின் மனத்தில் தன் நினைவு போலவே இடம்பிடித்துக்கொள்வதைப் பின்நினைவு என்று சொல்கிறார்கள். யூத இனப்படுகொலையில் தப்பியவர்களின் பிள்ளைகளைப் பற்றி எழுதும்போது ஆய்வாளர் மரியான் ஹிர்ஷ் உருவாக்கிய கருத்து இது. பின்நினைவு முழுக் கதையாக வருவதில்லை. துண்டு துண்டாக வரும். சோற்றை வீணாக்கினால் வீட்டில் எழும் அளவுமீறிய கோபம், ஆவணங்களை ஒரு பையில் எப்போதும் தயாராக வைத்திருப்பது, ஒரு பெயரைச் சொன்னதும் எல்லோரும் பேச்சை மாற்றுவது என்று பிள்ளைகள் பார்ப்பதெல்லாம் விளைவுகளைத்தான். காரணத்தைத் தாங்களாக ஊகித்து நிரப்பிக்கொள்கிறார்கள். கதை சொல்பவர்களுக்கும் நடிகர்களுக்கும் இது வளமான நிலம். வெளியே தெரியும் செயலிலிருந்து உள்ளே இருக்கும் காரணத்துக்குப் போவதுதானே நடிகரின் அன்றாட வேலை.

இந்தக் கருத்தையே நேரடியாகக் கதையாக்கிய தொடர் ஒன்றில் ஹாங் சௌ நடித்திருக்கிறார். 2019-இல் எச்.பி.ஓ. வெளியிட்ட ‘வாட்ச்மென்’ தொடரில் அவர் லேடி ட்ரியூ என்ற பெரும் கோடீசுவரி. மூன்றாம் நூற்றாண்டில் சீன ஆட்சியை எதிர்த்துப் போரிட்ட வியட்நாமிய வீராங்கனையின் பெயரைத் தாங்கிய பாத்திரம். அவளுக்கு பியான் என்றொரு மகள். அந்தச் சிறுமி ஒரு நாள் திடுக்கிட்டு எழுந்து தன் கனவைச் சொல்கிறாள்: ஊருக்குள் ஆட்கள் வந்து தீ வைக்கிறார்கள், நடக்கச் சொல்கிறார்கள், வெகுதூரம் நடந்த வலி விழித்த பிறகும் காலில் இருக்கிறது. பியான் மகளே அல்ல என்பது பிறகு தெரிகிறது. இறந்த தன் தாயை நகலாகப் பிறப்பித்து, தாயின் நினைவுகளை இரவில் குழாய் வழியே ஏற்றிக்கொண்டிருக்கிறாள் ட்ரியூ. பின்நினைவுக்கு இதைவிடத் தெளிவான திரைவடிவம் கிடைப்பது அரிது. சிறுமியின் கனவைக் கேட்கும்போது ஹாங் சௌவின் முகத்தைப் பாருங்கள். பதற்றமும் இல்லை, கண்ணீரும் இல்லை. சரியாக ஏறியிருக்கிறதா என்று சோதிக்கும் கவனம் மட்டும். அழக்கூடிய இடத்தில் அவர் அழாததுதான் அந்தக் காட்சியை நடுங்க வைக்கிறது.

பேச்சு: பின்னணி நடிப்பாக மாறும் முதல் வழி

1.75 தலைமுறைப் பிள்ளையிடம் உறுதியாகப் பதிந்திருப்பது பெற்றோரின் பேச்சு. ஒரு மொழியின் ஒலிப்பழக்கத்தோடு இன்னொரு மொழியைப் பேசுவதை ஆக்சென்ட் என்கிறோம். அது பிழைகளின் குவியல் என்று பலர் நினைக்கிறார்கள். உண்மையில் அதற்குள் கறாரான விதிகள் உண்டு.

நம் பேச்சிலேயே இதைப் பார்க்கலாம். ‘பஸ்’ஸைப் ‘பஸ்ஸு’ என்கிறோம், ‘கார்’ நம் வாயில் ‘காரு’. பேச்சுத் தமிழ் சொல்லின் கடைசியில் ஒரு உயிரொலியை விரும்புகிறது. அதனால் ஆங்கிலச் சொல்லுக்கு வால் ஒட்டுகிறோம். வியட்நாமிய மொழி இதற்கு நேர் எதிர். அது வாலை வெட்டும். அம்மொழியில் ஓர் அசையின் முடிவில் ப், ட், க், ம், ன், ங் போன்ற சில மெய்களே வர முடியும். ஸ், ஃப், வ், ல் போன்றவை முடிவில் வராது; இரண்டு மெய்கள் சேர்ந்தும் வராது. ஆகவே ‘லாஸ்ட்’ என்பது ‘லாட்’ என்பதுபோல் ஒலிக்கும், ‘ஃபைவ்’ என்பது ‘ஃபை’ என்று நின்றுவிடும்.

ஒலியோடு இலக்கணமும் சேர்ந்து நகரும். வியட்நாமிய வினைச்சொல் காலத்துக்கேற்ப உருமாறாது. நேற்று, நாளை என்பதைத் தனிச்சொல் காட்டும். பன்மைக்கு விகுதி கிடையாது. ‘அவள் அழகு’ என்று தமிழில் சொல்வதுபோல், பெயரையும் பண்பையும் அடுத்தடுத்து வைத்தாலே வாக்கியம் முடிந்துவிடும். ஆங்கிலத்தில் பேசும்போது ‘இஸ்’, ‘ஆர்’ எல்லாம் உதிர்வது இதனால்தான். மூன்றாவதாகத் தொனி: வட்டாரத்தைப் பொறுத்து ஐந்து அல்லது ஆறு தொனிகள் உள்ள மொழி அது. ஆங்கிலத்தில் ஒரு சொல்லில் ஓர் அசை ஓங்கி மற்றவை அமுங்கும். வியட்நாமியர் பேசும் ஆங்கிலத்தில் ஒவ்வொரு அசையும் முழு எடையோடு விழும். கேட்பவருக்கு அது அதட்டல் போலப் படும். பேசுபவர் அதட்டவே இல்லாமலும் இருக்கலாம்.

நடிகர்கள் இங்கேதான் தடுக்கி விழுகிறார்கள். ஒலியை மட்டும் மாற்றிவிட்டு, வாக்கிய அமைப்பை நல்ல ஆங்கிலமாகவே விட்டுவிடுவது ஒரு தவறு. காட்சிக்குக் காட்சி விதி மாறுவது இன்னொன்று. ஒரு வரியில் வால் வெட்டி, அடுத்த வரியில் முழுதாக உச்சரித்தால் காது உடனே கண்டுபிடித்துவிடும். மிக மோசமானது, ஆக்சென்ட் உள்ளவரை மெதுவாகப் பேச வைப்பது. மொழி குறைவாகத் தெரிந்தவர் யோசனையிலும் மந்தமானவர் என்ற எண்ணம் அதில் ஒளிந்திருக்கிறது. நிஜ வாழ்க்கையில் முப்பது ஆண்டு அந்த ஆங்கிலத்திலேயே கடை நடத்தி, பேரம் பேசி, பிள்ளைகளின் ஆசிரியரோடு வாதாடியவர்கள் படுவேகமாகப் பேசுவார்கள். சொல் குறைவு, தயக்கம் அறவே கிடையாது.

‘டவுன்சைஸிங்’ எழுப்பிய சண்டை

அலெக்சாண்டர் பெய்ன் இயக்கி 2017-இல் வந்த ‘டவுன்சைஸிங்’ படத்தில் ஹாங் சௌவின் பாத்திரம் ங்கோக் லான் ட்ரான். மனிதர்களைச் சில அங்குல உயரத்துக்குச் சுருக்கும் தொழில்நுட்பம் வந்துவிட்ட உலகம் அது. அரசை எதிர்த்துப் போராடிச் சிறை சென்ற இந்தப் பெண், விருப்பமில்லாமல் சுருக்கப்பட்டு, தொலைக்காட்சிப் பெட்டி அடைத்து வந்த அட்டைப்பெட்டிக்குள் கடத்தப்பட்டு அமெரிக்கா வந்து சேர்கிறாள். கூட வந்தவர்கள் இறந்துவிட, அவள் ஒரு காலை இழந்து உயிர் பிழைக்கிறாள். பிறகு பணக்காரக் குள்ளர்களின் வீடுகளைத் துடைத்துப் பிழைக்கிறாள். 1951 வரையறையில் ‘அரசியல் கருத்து’ என்ற சொல்லுக்கு அச்சு அசலான உதாரணம் இந்தப் பாத்திரம்.

ஹாங் சௌவின் இயல்பான ஆங்கிலம் எந்த அமெரிக்கரின் ஆங்கிலத்தையும் போன்றதுதான். படத்தில் அவர் பேசியது மேலே சொன்ன வெட்டுவால் ஆங்கிலம். படம் விழாக்களில் திரையிடப்பட்டதுமே எதிர்ப்பு வந்தது: ஆசியப் பெண்ணை மறுபடியும் உடைந்த ஆங்கிலம் பேசும் வேலைக்காரியாகக் காட்டிச் சிரிக்க வைக்கிறார்களே! அந்தக் கோபத்தில் நியாயம் உண்டு. அமெரிக்கப் படங்களில் ஆசியர்களின் ஆக்சென்ட் பல பத்தாண்டுகளாக நகைச்சுவைக்கான மலிவான கருவியாகவே இருந்துவந்தது. தமிழ்ப் பார்வையாளருக்கு இது தெரியாத விஷயமல்ல. 2000-இல் வந்த ‘தெனாலி’யில் இலங்கைத் தமிழ் பேசும் அகதிப் பாத்திரத்தின் பேச்சே சிரிப்பின் பெரும்பகுதியாக இருந்தது.

ஹாங் சௌ பேட்டிகளில் சொன்ன பதிலின் சாரம் இது: என் பெற்றோர் ஆக்சென்டோடுதான் பேசுகிறார்கள், அப்படிப் பேசும் மனிதர் திரையில் வந்தாலே கேலிச்சித்திரம் என்று முடிவு கட்டினால், அவர்கள் முழு மனிதர்களாகத் திரைக்கு வரவே வழியில்லை. இரண்டு பக்கத்தையும் எடைபோட ஓர் எளிய சோதனை உண்டு. பாத்திரத்தின் ஆக்சென்டை நீக்கிவிட்டு அதே வசனத்தைப் படியுங்கள். நகைச்சுவை முழுதும் மறைந்துபோனால் அது கேலி. ங்கோக் லானிடம் அது மறைவதில்லை. அடுத்த வீட்டுக்காரருக்கு மருந்து வாங்குவது, மிச்ச உணவைச் சேகரித்து நோயாளிகளுக்குக் கொண்டுபோவது, கதாநாயகனை வேலை வாங்குவது என்று அவள் நாள் முழுவதும் கட்டளையிடுகிறாள். யாரிடமும் கெஞ்சுவதில்லை. அவள் எதிரே நின்று தடுமாறுவது நல்ல ஆங்கிலம் பேசும் கதாநாயகன் மாட் டேமன்தான். ஆனாலும் படத்தின் பிற்பகுதியில் அவளுக்கு ‘நல்லவள்’ என்பதைத் தாண்டி அதிகம் எழுதப்படவில்லை. குறை எழுத்தில் இருக்கிறது. பேச்சைக் குற்றம் சொன்னவர்கள் தவறான இடத்தைச் சுட்டினார்கள்.

இங்கே நின்று ஒருமுறை தொகுத்துக்கொள்ளலாம். அகதிப் பின்னணி ஹாங் சௌவுக்குக் கொடுத்தது, ஒரு சமூகத்தின் பேச்சைப் பல ஆண்டுகள் உள்ளிருந்து கேட்ட காது. அந்தக் காது ஆக்சென்டை விதிகளோடு கொண்டுவருகிறது. அப்படிப் பேசுபவர்கள் மேல் உள்ள மதிப்பு, அந்தப் பேச்சைக் குன்ற விடாமல் காக்கிறது.

வேடம் எப்படிக் கையில் வருகிறது: இரண்டாம் வழி

ஒரு படத்துக்கு ஆள் தேடும் வேலைக்குக் காஸ்டிங் என்று பெயர். திரைக்கதையிலிருந்து ஒவ்வொரு பாத்திரத்துக்கும் சிறு குறிப்பு எழுதி, நடிகர்களின் முகவர்களுக்கு அனுப்புவார்கள்: வயது, தோற்றம், ஒரு வரிக் குணம். ‘வியட்நாமியப் பெண், 30’ என்று குறிப்பு வந்தால் ஹாங் சௌவை அழைப்பார்கள். ‘செவிலி, 40’ என்று மட்டும் வந்தால், எழுதியவரின் மனத்திலும் தேர்வாளரின் மனத்திலும் தானாக ஒரு வெள்ளைக்காரப் பெண் வந்து உட்கார்ந்துவிடுவார். ஒரே வகை வேடத்துக்கே ஒருவரைத் திரும்பத் திரும்ப அழைத்து முத்திரை குத்துவது பெரும்பாலும் யாரோ திட்டமிட்டுச் செய்வதல்ல. இந்தக் குறிப்புகளின் வழியாகவே நடந்துவிடுகிறது. கீ ஹுய் குவான் 1984, 85-இல் சிறுவனாக இரண்டு பெரிய படங்களில் புகழ்பெற்ற பிறகும், வளர்ந்ததும் வேடமே கிடைக்காமல் சண்டைக்காட்சி அமைப்பின் பக்கம் போனது இதனால்தான்.

ஹாங் சௌவின் பாதையை இதோடு சேர்த்துப் பாருங்கள். முதலில் கவனம் பெற்றது எச்.பி.ஓ.வின் ‘ட்ரெமே’. கத்ரீனா புயலுக்குப் பிந்தைய நியூ ஓர்லியன்ஸ் பற்றிய தொடர். அதில் அவர் லின், இறால் படகுக்காரரின் மகள். தான் வளர்ந்த நகரம், பழகிய மனிதர்கள். குறிப்பு அவருக்காகவே எழுதப்பட்டதுபோல் இருக்கும். ‘டவுன்சைஸிங்’கும் ‘வாட்ச்மெ’னும் வியட்நாமியப் பெண் என்று எழுதப்பட்ட வேடங்களே. ஆனால் ஒன்றில் துப்புரவுத் தொழிலாளி, மற்றொன்றில் உலகையே ஆளப் பார்க்கும் கோடீசுவரி. ‘வாட்ச்மெ’னில் ஓர் இடத்தில், பக்கத்தில் நிற்கும் புலனாய்வு அதிகாரிக்குப் புரியாதபடி லேடி ட்ரியூ கதாநாயகியோடு வியட்நாமிய மொழியில் ரகசியம் பேசுவாள். அங்கே ஆங்கிலம் மட்டும் தெரிந்தவர்தான் வெளியாள். வீட்டுமொழி அதிகாரத்தின் மொழியாக மாறும் அந்த அரை நிமிடத்தை, ‘டவுன்சைஸிங்’ சர்ச்சைக்கு அவர் தந்த பதிலாகவே பார்க்கலாம்.

பிறகு வந்தவை வேறு வகை. 2022-இல் ‘தி மெனு’வில் அவர் பெயர் எல்சா, தீவில் உள்ள உணவகத்தின் மேற்பார்வையாளர். அதே ஆண்டு ‘ஷோயிங் அப்’பில் ஜோ, கலைஞரும் வீட்டுச் சொந்தக்காரியும். ‘தி வேலி’ல் லிஸ், செவிலி. மூன்று பாத்திரங்களையும் அவருடைய பிறப்பைக் கொண்டு விளக்க வேண்டிய தேவையே இல்லை. இவற்றில் எல்லாம் அகதிப் பின்னணியைத் தோண்டித் தேடுவது வீண் வேலை. லிஸின் கோபத்தை முகாமோடு முடிச்சுப் போடத் தோன்றலாம். தன்னை அழித்துக்கொள்ளும் நண்பனைக் காப்பாற்ற முடியாத ஒரு செவிலியின் கோபம் அது, அதற்கு வேறு காரணம் வேண்டியதில்லை.

அகதி வேடத்தில் அகதிதான் நடிக்க வேண்டுமா?

இந்தக் கேள்வி அடிக்கடி வருகிறது. தமிழில் இதற்கு நல்ல உதாரணம், 2015-இல் கான் விழாவின் தங்கப்பனை விருதை வென்ற ஜாக் ஒதியாரின் ‘தீபன்’. பிரான்சுக்குத் தப்பிய ஈழத்தமிழராக நடித்த அந்தோணிதாசன் யேசுதாசன், நாம் ஷோபாசக்தி என்று அறிந்த எழுத்தாளர். இளம்வயதில் இயக்கத்தில் இருந்தவர். 1993-இல் பிரான்சில் அகதியானவர். அவருக்கு இணையாக யாழினியாக நடித்த காளீஸ்வரி சீனிவாசன் சென்னை நாடக மேடையிலிருந்து வந்தவர். அகதி வாழ்க்கை அவருடையது அல்ல. படத்தில் இருவரில் யார் அகதி, யார் அல்ல என்று பார்வையாளர் பிரித்துச் சொல்வது கடினம். எனவே அனுபவம் கட்டாயம் இல்லை. அனுபவம் தருவது வேறொன்று: படப்பிடிப்புத் தளத்தில் ‘எங்கள் ஆட்கள் இப்படிச் சொல்ல மாட்டார்கள், இப்படி உட்கார மாட்டார்கள்’ என்று திருத்தும் அறிவும், அந்தத் திருத்தத்துக்கான உரிமையும். அப்படி ஒருவராவது குழுவில் இருந்தால் படம் பிழைக்கும். யாரும் இல்லாவிட்டால் எவ்வளவு பெரிய நடிகரும் வெளியிலிருந்து பார்த்ததைத்தான் நடிப்பார்.

எதிலிருந்து பார்க்கத் தொடங்கலாம்

புதிதாகப் பார்ப்பவர்கள் ‘தி வேலி’ல் தொடங்குவதுண்டு. அதைவிட ‘டவுன்சைஸிங்’கில் அவர் வரும் பகுதிகளை முதலில் பார்ப்பது பயன் தரும். முதல்முறை சாதாரணமாகப் பாருங்கள். இரண்டாம் முறை கண்ணை மூடிக்கொண்டு கேளுங்கள்: சொல்லின் கடைசி மெய் எங்கே வெட்டுப்படுகிறது, வேகம் எங்கே கூடுகிறது, யார் யாரை இடைமறிக்கிறார்கள். அடுத்து ‘வாட்ச்மெ’னின் நான்காம் அத்தியாயம். பியான் கனவு சொல்லும் காட்சியும், வியட்நாமிய மொழி உரையாடலும் அதில்தான் இருக்கின்றன.

பிறகு ஆண்ட்ரூ ஆன் இயக்கிய ‘டிரைவ்வேஸ்’. 2019-இல் வந்த சிறிய படம். இறந்துபோன அக்காவின் வீட்டைக் காலிசெய்து விற்பதற்காக, கேத்தி என்ற பெண் தன் மகனோடு முன்பின் தெரியாத ஊருக்கு வருகிறாள். கதவைத் திறந்தால் கூரைவரை சாமான்கள். அக்காவைப் பற்றித் தனக்கு எவ்வளவு குறைவாகத் தெரியும் என்பது ஒவ்வொரு பெட்டியைப் பிரிக்கும்போதும் அவளுக்கு உறைக்கிறது. பக்கத்து வீட்டில் கொரியப் போரில் பணியாற்றிய முதியவர். பிரையன் டென்னகி நடித்தது. அகதி, முகாம் என்று படத்தில் யாரும் பேசுவதில்லை. ஆக்சென்டும் கிடையாது. ஹாங் சௌ பெட்டிகளைத் தூக்கி அடுக்கிக்கொண்டே இருக்கிறார். வீட்டைப் பற்றிய தொலைபேசி அழைப்புகளில் குரலைத் தாழ்த்திக்கொள்கிறார். மகன் எதையாவது கேட்டால் பாதிப் பதில் சொல்லிவிட்டு வேலைக்குத் திரும்புகிறார். முதலில் இந்தப் பாதிப் பதில்களை மட்டும் எண்ணிக்கொண்டு படத்தைப் பாருங்கள். பெரியவர்கள் சொல்லாமல் விட்டதைப் பிள்ளை எப்படி நிரப்பிக்கொள்கிறான் என்பது அதற்குப் பிறகு அந்தச் சிறுவனின் முகத்தில் தெரியும்.